மூளையும் குருதியோட்டமும்

"எண்சாண் உடம்புக்குச் சிரசே பிரதானம்" என்பது நம்மவர் நாவில் நாடோறும் வழங்கும் முதுமொழியாகும். சிரசு பிரதானமாவது அதனகத்தே மூளை அமைந்திருத்தலால். அம்மூளை தொழிற்படுவது குருதி அதனை இடையறாது அடைதலால். முன்னதை யாவரும் அறிவர். பின்னதை அறிந்தோர் சிலரே. அறிந்து அதற்கேற்ப ஒழுகுவோர் அவரினுஞ் சிலர்.

இலக்கணமும் இலக்கியமும் கற்பிக்கும் நாம் உடலியல் பற்றி எழுதப் புகுவது எற்றுக்கெனச் சிலர் வினவக்கூடும். காரணம் இரண்டு உள. மேனாட்டு மருத்துவ அறிவைத் தமிழ் உரைநடையிற் கொணர்ந்த பெருமுயற்சி நமது குடாநாட்டிலேயே நிகழ்ந்தது; அம்மரபைப் பேணுதல் தமிழ் கற்பிப்போர்க்கும் உரியது. இஃதொன்று. மூளைக்குக் குருதி தடைப்படும்போது உண்டாகும் நோய்க்கு நம்மிடையே வழங்கும் பெயர் நோயாளரின் சுற்றத்தாரை வழிதவறச் செய்கின்றது. சொல்லின் பொருளைத் தெளிவித்தல் எம் கடனாகும். இது மற்றொன்று.

தமிழில் எழுந்த உடல்நூல்

1822ஆம் ஆண்டு தமிழ் உரைநடை வரலாற்றில் நினைக்கத்தக்கது. அவ்வாண்டில் நல்லூரில் ஆறுமுக நாவலர் பிறந்தார். அதே ஆண்டில் அமெரிக்க நாட்டு மசாசூசெற்ஸ் மாநிலத்து வூஸ்ரர் நகரிற் சாமுவேல் பிஸ்க் கிறீன் பிறந்தார். 1848இல் நாவலர் வண்ணார்பண்ணையிற் சைவப்பிரகாச வித்தியாசாலையை நிறுவினார். அதே ஆண்டில், முன்னை ஆண்டு இங்கு வந்திறங்கிய கிறீன் வைத்தியர் மானிப்பாயில் மருத்துவப் பணி தொடங்கினார். சமயத்தால் இருவரும் வேறு வேறு திசையினர். எனினும், கற்க வேண்டியவற்றைத் தமிழிலேயே தெளிவுறச் சொல்லுதல் இயலும் என்பதை இருவரும் தத்தம் துறையிற் செய்து காட்டினர்.

கிறீன் தொடக்கத்தில் ஆங்கிலத்திலேயே மாணாக்கரைப் பயிற்றினார். அங்ஙனம் பயின்றோர் ஊரைவிட்டு உத்தியோகம் நாடிச் செல்வதைக் கண்டபின், 1860களின் நடுப்பகுதி தொட்டுத் தமிழிலேயே கற்பிக்கத் துணிந்தார். அவரிடம் பயின்ற வைத்தியர் அறுபதின்மருக்கு மேற்பட்டவர். அவருக்கெனத் தாமும் தம் மாணாக்கருமாய் ஆங்கில மருத்துவ நூல்களை மொழிபெயர்த்தனர். கட்டர் என்பார் எழுதிய நூல் 1857இல் "அங்காதிபாதம், சுகரணவாதம், உற்பாலனம்" எனத் தமிழாயிற்று. அங்காதிபாதமாவது உடலின் அமைப்பைக் கூறுவது. சுகரணவாதம் உறுப்புக்களின் தொழிலைக் கூறுவது. உற்பாலனம் நோயணுகாது காத்தலைக் கூறுவது. இம்மூன்று சொற்களையும் வரிசையாக நிறுத்தி நோக்குக. அமைப்பை அறிந்தவன் தொழிலை அறிவான். தொழிலை அறிந்தவன் காக்கும் வழியை அறிவான். இக்கட்டுரையும் அவ்வரிசையிலேயே செல்லும்.

அமைப்பு

வளர்ந்த ஒருவரது மூளை ஏறத்தாழ 1.4 கிலோகிராம் நிறையுடையது. உடல் நிறையில் நூற்றுக்கு 2 பங்கேயாம். ஆயினும் இதயம் வெளிச்செலுத்தும் குருதியில் நூற்றுக்கு 15 பங்கை அது பெறுகின்றது. உடல் வாங்கும் ஒட்சிசனில் ஏறத்தாழ 20 பங்கைத் தானே செலவிடுகின்றது. நிமிடம் ஒன்றிற்கு மூளையை அடையும் குருதி 750 மில்லிலீற்றர் அளவினது. நம்மூரிற் பால் அளக்கும் போத்தலின் அளவும் அதுவே. நிமிடத்துக்கு ஒரு போத்தலாக நாள் முழுதும் கணக்கிடின் ஆயிரம் லீற்றருக்கு மேலாகும். வீட்டு மேல்மாடத்தில் நாம் வைக்கும் பெரிய தண்ணீர்த் தாங்கி ஒன்று நாடோறும் நிரம்பி வழிவதற்கு அது போதும்.

இக்குருதியைக் கொண்டு செல்வன நான்கு நாடிகள். கழுத்தின் முன்பக்கத்தே வலமும் இடமுமாக இரண்டு செல்கின்றன. மிடற்றின் அருகே விரல் வைத்தால் அவற்றின் துடிப்பை உணரலாம். ஏனைய இரண்டும் கழுத்தெலும்புகளின் துளைகளூடே பின்பக்கமாக ஏறுகின்றன. நான்கும் மூளையின் அடியில் ஒன்றோடொன்று இணைந்து ஒரு வளையமாகின்றன. 1664இல் இவ்வளையத்தைத் தம் இலத்தீன் நூலில் விளக்கிய ஆங்கில மருத்துவர் தோமஸ் வில்லிஸ் பெயரால் இது வில்லிஸ் வளையம் எனப்படும். அந்நூலுக்குப் படம் வரைந்தோருள் ஒருவர், பின்னர் இலண்டன் புனித பவுல் பேராலயத்தைக் கட்டிய கிறிஸ்தோபர் றென் என்பவர். நான்கு வழிகளுள் ஒன்று மெல்ல மெல்ல அடைபடினும் ஏனையவற்றின் குருதி இவ்வளையத்தைச் சுற்றிவந்து குறையை ஓரளவு நிரப்புதல் கூடும். வளையத்துக்கு அப்பாற் கிளைத்துச் செல்லும் நாடிகளுக்கோ இத்தகைய உதவி மிகக் குறைவு. அவற்றுள் ஒன்று திடீரென அடைபட்டால் அதனால் ஊட்டப்பெறும் பகுதி உடனே வாடத் தொடங்கும்.

தொழில்

தசை சிறிது நேரம் குருதியின்றியும் தாங்கும். மூளைக்கு அவ்வாற்றல் இல்லை. அது தனக்கு வேண்டும் ஒட்சிசனையும் குளுக்கோசையும் சேமித்து வைக்கும் களஞ்சியம் அற்றது. அன்றாடங் கூலியில் அன்றன்று உலையேற்றும் குடும்பம் போன்றது. மூளை முழுவதற்கும் குருதி நின்றுவிடின் பத்து விநாடிக்குள் அறிவு நீங்கும். சில நிமிடங்களில் மீளாத அழிவு தொடங்கும்.

இத்துணை நுண்ணிய உறுப்பு, குருதியழுத்தம் ஏறியிறங்குந்தோறும் அல்லலுறாதபடி ஓர் ஒழுங்கு அமைந்துள்ளது. அழுத்தம் கூடும்போது மூளையின் சிறு நாடிகள் சுருங்குகின்றன, குறையும்போது விரிகின்றன. எனவே, பெரும் எல்லைக்குள் குருதியின் அளவு மாறாது நிற்கின்றது. கமக்காரன் மடையைத் திறந்தும் அடைத்தும் பாத்திகளுக்கு அளவாக நீர் பாய்ச்சுவதை இதற்கு உவமையாகக் கூறலாம். குருதியிற் காபனீரொட்சைட்டு மிகுந்தாலும் இந்நாடிகள் விரியும். பெருமூச்செறிந்து அதனை மிகுதியாக வெளியேற்றினாற் சுருங்கும். அச்சத்தால் விரைந்து மூச்சுவிடுவோர்க்குத் தலைசுற்றுவது இதனாலேயாம்.

கமக்காரன் வேண்டும் பாத்திக்கே நீரை மாற்றிவிடுதல் போல, மூளையும் தொழில்புரியும் பகுதிக்கே குருதியை மிகுதியாகச் செலுத்துகின்றது. 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் இத்தாலிய உடலியலறிஞர் ஆஞ்சலோ மொசோ, மண்டையோட்டில் ஊறுபட்டு மூளையின் துடிப்பு வெளியே புலனாகிய ஓர் உழவனைச் சோதித்தார். கோயில் மணி ஒலித்தபோதும், பெருக்கற் கணக்கொன்று கேட்கப்பட்டபோதும் அவனது கை நாடியில் மாற்றமின்றி மூளைத்துடிப்பு மட்டும் மிகுந்தது. நூறாண்டு கழித்து, 1990இல், யப்பானிய அறிஞர் செய்ஜி ஒகாவா காந்தப் படக் கருவியால் இக்குருதி வேறுபாட்டையே படமாக்கும் வழியைக் காட்டினார். இன்று மூளையின் எப்பகுதி எப்போது தொழில்புரிகின்றது என ஆராய்வோர் பலர் கைக்கொள்வது அவ்வழியே.

இதனின்று மாணவர் அறியத்தக்கது ஒன்றுண்டு. பரீட்சைக் காலத்தில் மூளைக்குக் குருதியைப் பெருக்கும் எனக் கூறி விற்கப்படும் பானங்களும் குளிசைகளும் பல. நலமுள்ள இளைஞனின் மூளைக்கு வேண்டும் குருதியை மூளையே வரவழைத்துக்கொள்கின்றது. பாடத்தைக் கருத்தூன்றிப் படித்தலே அதனை வரவழைக்கும் வழி. வல்லாரைச் சம்பல் நல்ல கறி, சோற்றோடு உண்க. படியாதவனைப் பரீட்சையில் தேற்றும் பொறுப்பை மட்டும் அதன்மீது சுமத்தற்க.

மயக்கம்

காலைப் பிரார்த்தனைக் கூட்டத்தில் நெடுநேரம் அசையாது நிற்கும் மாணவன் ஒருவன் முகம் வெளிறி, வியர்த்து, திடீரெனச் சாய்வதை நாம் கண்டிருக்கின்றோம். நல்லூர்த் திருவிழாவின் 25 நாட்களிலும், நோன்பிருந்து வெயிலில் நிற்கும் அடியாரிடையே இது நிகழ்வதுண்டு. குருதி கால்களிலே தேங்க, இதயத்துடிப்பும் அழுத்தமும் ஒருங்கே வீழ, மூளையை அடையும் அளவு சிறிது நேரம் குன்றுவதே இம்மயக்கமாகும்.

வீழ்தலே ஈண்டு உடல் தேடிக்கொள்ளும் மருந்து. கிடந்த நிலையிற் சிரசும் இதயமும் ஒரே மட்டத்தில் அமைவதாற் குருதி எளிதில் மூளையை அடையும். ஆகவே, மயங்கினவனைத் தூக்கி நிறுத்துதலும் கதிரையில் இருத்துதலும் தவறு. நிழலிற் படுக்க வைத்துக் கால்களை உயர்த்துக. கழுத்துப் பட்டியைத் தளர்த்துக. சுற்றி நிற்போரை விலக்குக. நினைவு நன்கு மீளுமுன் வாயில் நீர் வார்க்கற்க. ஓரிரு நிமிடத்தில் அவன் தெளிவான். தெளியாவிடினும், ஓடும்போதோ விளையாடும்போதோ மயங்கி வீழ்ந்தாலும், வீழ்ந்தவர் முதியோராயினும் வைத்தியரிடம் கொண்டு செல்லுதல் வேண்டும்.

பாரிசவாதம் என்னும் சொல்

இனி, இக்கட்டுரையின் தலையாய பொருளுக்கு வருவாம். மூளையின் ஒரு பகுதிக்குச் செல்லும் நாடி குருதிக்கட்டியால் அடைபடினும், நாடி வெடித்துக் குருதி கசியினும் அப்பகுதி செயலிழக்கும். உலகில் ஆண்டுதோறும் ஏறத்தாழ 1 கோடி 20 இலட்சம் மக்கள் புதிதாக இந்நோய்க்கு ஆளாகின்றனர். அடைப்பினால் வருவதே பெரும்பான்மை. கசிவினால் வருவது சிறுபான்மையாயினும் கொடியது.

இதனை யாழ்ப்பாணத்தார் பாரிசவாதம் என்பர். தமிழகத்தார் பக்கவாதம் என்பர். பாரிசம் என்பது பக்கம். உடலின் ஒரு பக்கத்துக் கையும் காலும் விழுந்துவிடுதலை நோக்கி, அதனை வாதத்தின் பாற்படுத்தி முன்னோர் இட்ட பெயர் இது. கண்ணாற் கண்டதை அவர் செப்பமாகவே பெயரிட்டனர். ஆயின், அப்பெயர் நோய் தோன்றும் இடத்தைக் காட்டாது அது வெளிப்படும் இடத்தையே காட்டுகின்றது. விழுந்தது கை, பழுதுற்றதோ மூளை. மூளையின் இடப்பாகம் உடலின் வலப்பக்கத்தையும், வலப்பாகம் இடப்பக்கத்தையும் ஆளுகின்றன. ஆகவே, வலக்கை தளர்ந்தால் நோய் பெரும்பாலும் தலையின் இடப்பக்கத்தே உளது என்க.

பெயர் கையைக் காட்டுவதாற் சுற்றத்தாரும் கையையே நோக்குகின்றனர். எண்ணெய் காய்ச்சிப் பூசுகின்றனர், பிடித்துவிடுகின்றனர், "விடியட்டும் பார்ப்போம்" என்கின்றனர். அவ்விரவு முழுதும் மூளை பட்டினி கிடக்கின்றது. பெருநாடி ஒன்று அடைபட்ட மூளையில் நிமிடந்தோறும் சராசரி 19 இலட்சம் நரம்புக் கலங்கள் மடிகின்றன என 2006இற் கணக்கிட்டுக் காட்டப்பட்டது. கட்டியைக் கரைக்கும் ஊசிமருந்தின் பயன் 1995இல் நிறுவப்பட்டது. இன்றும் அது நோய் தொடங்கி நாலரை மணி நேரத்துக்குள் ஏற்றப்படுவதே பொது விதி. முந்தினாற் பயன் மிகுதி. கட்டியை நாடியூடே சென்று அகற்றும் முறை 2015க்குப் பின் உலகிற் பரவியுள்ளது; அதற்கும் காலமே முதல். அடைப்போ கசிவோ என்பதைத் தலையைப் படம் பிடிக்கும் கருவியே காட்டும். பார்வையாற் பிரித்தறிதல் எவர்க்கும் இயலாது. நோய் தணிந்தபின் தசைப்பயிற்சிக்கும் பிடித்துவிடுதலுக்கும் வைத்தியர் சொற்படி இடமுண்டு. அவை முதல் நாளின் மருந்தல்ல.

எமக்கு அறிமுகமான முதியவர் ஒருவர், நெடுங்காலம் தமிழ் கற்பித்து இளைப்பாறியவர். ஓரிரவு அவருக்கு வலக்கை தளர்ந்து வாய் குழறிற்று. வீட்டார் அன்பு மிக்கோர். விடியுமளவும் கை கால்களைத் தேய்த்தபடி உடனிருந்தனர். வைத்தியசாலையை அடைந்தபோது நண்பகல். உயிர் நிலைத்தது; சொல் நிலைக்கவில்லை. நாற்பதாண்டு பிறர்க்குச் சொற்பொருள் உரைத்தவர், எதிரிலிருந்த செம்பின் பெயரைக் கூற இயலாது கண்ணீர் வடித்தார். ஆயினும் மாலையில் வீட்டார் தேவாரம் ஓதும்போது அவரும் உடன் ஓதினார், பதம் பிசகவில்லை. இது அற்புதமன்று. 1865இற் பிரெஞ்சு மருத்துவர் போல் புறோக்கா காட்டியவாறு, சொல்லைத் தொடுத்து உரைக்கும் ஆற்றல் பெரும்பாலார்க்கு மூளையின் இடப்பாகத்தே உள்ளது. நாடோறும் ஓதிப் பழகிய பாட்டோ, அப்பகுதி பழுதுற்ற பின்னும் பலரிடத்தே எஞ்சுகின்றது. அவரிடம் எஞ்சியதைக் கண்டு வீட்டார் ஆறுதலுற்றனர். இழந்ததன் பெரும்பகுதி அன்றிரவே சென்றிருந்தாற் காக்கப்பட்டிருத்தல் கூடும் என்பதை எண்ணும்போது எம் நெஞ்சம் நோகின்றது. அவ்வீட்டில் அன்பு குறைவுபடவில்லை. அறிவித்தோர் இல்லாமையே குறை.

மூன்று குறியும் ஒரு விதியும்

மாணவர் மனங்கொள்ளுமாறு சுருங்கக் கூறுவாம். குறிகள் மூன்று: முகம், கை, பேச்சு. சிரிக்கச் சொல்லுக, முகத்தின் ஒருபுறம் கோணுகின்றதா? இரு கைகளையும் நீட்டச் சொல்லுக, ஒன்று தாழ்கின்றதா? ஒரு வசனத்தைத் திருப்பிச் சொல்லச் செய்க; நாக் குழறுகின்றதா, சொல் மாறுகின்றதா? இவற்றுள் ஒன்று திடீரெனத் தோன்றினும் போதும். திடீரென ஒரு கண் பார்வை மங்குதல், காரணமின்றித் தள்ளாடுதல், இதுகாறும் அறியாத கடுந்தலைவலி என்பனவும் ஐயுறத்தக்கன.

விதி ஒன்று: காலம் தாழ்த்தற்க. 1990 என்னும் இலக்கத்துக்குத் தொலைபேசியில் அழைத்தால் இலவச அம்புலன்ஸ் வரும். 2016இல் மேல், தென் மாகாணங்களில் தொடங்கிய இச்சேவை 2018இல் யாழ்ப்பாணத்தையும் அடைந்தது. நோயாளர் இறுதியாக நலமாயிருந்த நேரத்தை ஒரு தாளிற் குறித்துக் கொடுக்க. வைத்தியர் முதலிற் கேட்பது அதுவே. அவர் உண்ணும் குளிசைகளையும் உடன் கொண்டுசெல்க. உணவும் கோப்பியும் நீரும் கொடுக்கற்க. விழுங்கும் ஆற்றல் குன்றியிருப்பின் அவை மூச்சுக்குழாயிற் புகும். அசுப்பிரின் முதலியவற்றைத் தாமாகக் கொடுத்தலும் ஆகாது. கசிவாயின் அது கேடு பயக்கும்.

சிலர்க்கு இக்குறிகள் தோன்றிச் சில நிமிடங்களில் தாமே மறையும். "சுகமாயிற்று" என இருந்துவிடுதல் பெரும்பிழை. அது பின்வரும் பெருநோய்க்கு முன்னறிவிப்பு; முதல் இரண்டு நாட்களிலேயே அபாயம் மிகுதி. மறைந்தாலும் அன்றே வைத்தியரைக் காண்க.

உற்பாலனம்

நோயை அழைத்துவருவன பலவற்றுள்ளும் முதன்மையானது உயர் குருதியழுத்தம். ஊரார் "பிறசர்" என்பது. அது வலிப்பதில்லை, ஆகையால் நம்பப்படுவதில்லை. அமெரிக்க சனாதிபதி பிராங்கிளின் றூஸ்வெல்ற் அவர்களுக்கு 1941இல் அழுத்தம் 188/105 எனக் குறிக்கப்பட்டது. 1945 ஏப்பிரல் 12ஆம் நாள் கடுந்தலைவலி என்று கூறிச் சாய்ந்தார். அப்போது அழுத்தம் 300/190. அன்றே மூளைக் குருதிக்கசிவால் மறைந்தார். உலகப் பெரும் போரை நடத்திய நாட்டின் தலைவருக்கும் அக்காலத்திற் கொடுத்தற்கு ஏற்ற மருந்து இருக்கவில்லை. இன்று நம்மூர் அரசினர் வைத்தியசாலைக் கிளினிக்கிலே பணமின்றி அம்மருந்து வழங்கப்படுகின்றது. மேலழுத்தத்தைப் பத்து அலகு குறைப்பினும் இந்நோய் வரும் வாய்ப்பில் ஏறத்தாழக் காற்பங்கு குறைகின்றது. 140/90 என்னும் அளவைத் தாண்டியோர் வைத்தியரைக் காணல் வேண்டும். "இப்போது நலமாயிருக்கின்றேன்" எனக் குளிசையை நிறுத்துவோர் பலர். நலம் குளிசையால் வந்தது என்பதை அவர் மறந்தனர்.

அடுத்தது உப்பு. உலக சுகாதார நிறுவனம் விதிப்பது நாளொன்றுக்கு 5 கிராமிற் குறைவு. ஒரு தேக்கரண்டிக்கு மேற்படாதது. கருவாடும் ஊறுகாயும் மோர்மிளகாயும் நிறைந்த நம் உணவில் இவ்வளவு எளிதிற் கடந்துபோகும். திருவள்ளுவர் "மருந்து" என ஓர் அதிகாரம் வகுத்து, அதன் பெரும்பகுதியை உணவின் அளவு பற்றியே கூறியமை ஈண்டுச் சிந்திக்கற்பாலது.

புகையிலை நம் முன்னோர் பலர்க்குச் செல்வம் ஈட்டித் தந்த பயிர். யாழ்ப்பாணச் சுருட்டின் பெயர் கடல் கடந்தும் பரவியிருந்தது. ஆயினும் அதன் புகை நாடியின் உட்சுவரைக் கெடுத்துக் குருதியை உறையச் செய்கின்றது. விட்டொழித்தோர்க்குச் சில ஆண்டுகளிலேயே அபாயம் பெரிதும் குறைகின்றது. சலரோகமும் மிகைக் கொழுப்பும் அவ்வாறே நாடியைக் கெடுப்பன. நாள்தோறும் அரைமணி நேரம் விரைந்து நடத்தல் இவையனைத்துக்கும் பொதுவான எளிய காப்பு. சைக்கிளில் வந்து கற்ற நம் பழைய மாணவர், இன்று மோட்டார் வண்டி வாங்கியபின் அச்சைக்கிளை எங்கே வைத்தோம் எனத் தேடிப் பார்த்தல் நன்று.

கைநாடியைப் பிடித்துப் பார்த்தலும் ஒரு பயன்மிக்க வழக்கம். துடிப்பு ஒழுங்கின்றித் தாறுமாறாக ஓடுமாயின், இதயத்திற் கட்டி உறைந்து மூளைக்குச் செல்லும் நிலை ஏற்பட்டிருத்தல் கூடும், வைத்தியரிடம் கூறுக.

நிறைவாக

கிறீன் வைத்தியர் நூல்களின் கலைச்சொற்கள் சில இன்று வழக்கிழந்தன. நாடி, நாளம், மயிர்க்குழாய் எனும் சொற்கள் நம் பாடநூல்களில் நிலைபெற்றுள்ளன. சொற்கள் மாறினும் அவர் கொண்ட கருத்து மாறத்தக்கதன்று: ஊரார் அறியும் மொழியில் ஊரார் உயிர்காக்கும் அறிவு இருத்தல் வேண்டும். பாரிசவாதம் என்னும் சொல்லை நாம் ஒழிக்க வேண்டுவதில்லை. அச்சொல்லைக் கேட்டவுடன் கையை நோக்காது தலையையும் கடிகாரத்தையும் நோக்கப் பழகினாற் போதும்.

இம்மலரை ஏந்தும் மாணவர் அம்மூன்று குறிகளையும் இன்றிரவே வீட்டாருக்குச் சொல்லிக் காட்டுக. ஆசிரியர் தத்தம் வகுப்பிற் பத்து நிமிடம் ஒதுக்குக. இலண்டனிலும் ரொறன்ரோவிலும் சிட்னியிலும் வாழும் பழைய மாணவர், அடுத்த முறை ஊரிலுள்ள பெற்றோருடன் பேசும்போது, "சாப்பிட்டீங்களோ?" என்று கேட்பதோடு, "பிறசர் பார்த்தீங்களோ? குளிசை போட்டீங்களோ?" என்றும் கேட்பாராக. நம் கல்லூரி அளித்த கல்வி, அது பயின்ற வீடுகளில் ஒருவரது சொல்லையேனும் ஒருவரது உயிரையேனும் காக்குமாயின், இவ்விழாவுக்கு அதனினுஞ் சிறந்த காணிக்கை வேறில்லை.